மிளகின் நிறை

பூனை வளர்க்கிற எந்த வீட்டுக்குப் போனாலும் ஒரு வசனம் காதில் விழும். "பூனை எண்டால் சத்தி எடுக்கும்தானே." முடியை நக்கி விழுங்குகிறது, அது வயிற்றில் உருண்டையாகத் திரண்டு வெளியே வருகிறது, துடைத்துவிட்டு வேலையைப் பார் என்று அர்த்தம். எப்போதாவது ஒரு தடவை என்றால் சரி. கிழமைக்கு இரண்டு மூன்று தடவை, அதுவும் விடாமல் தொடர்கிறது என்றால் அது சாதாரணம் இல்லை.

எங்கள் வீட்டுப் பூனையின் பெயர் மிளகு. கறுப்பு, சின்ன வெள்ளைத் தாடி, வயது பதினொன்று. போன குளிர்காலத்தில் அதற்கு வயிற்றில் புற்றுநோய் வந்தது. உங்களில் சிலர் வீட்டில் பூனை இருக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். மிருக வைத்தியர் ஆங்கிலத்தில் விளக்கியதை அம்மம்மாவுக்குத் தமிழில் சொல்ல நான் பட்ட பாட்டில் கொஞ்சம் படித்துக்கொண்டேன். அதை உங்களுக்கும் சொல்கிறேன்.

பூனை வேட்டையாடுகிற மிருகம் என்று எங்களுக்குத் தெரியும். ஆனால் காட்டில் அதைவிடப் பெரிய மிருகங்களுக்கு அதுவே இரை. ஏலாமல் இருக்கிறதை வெளியில் காட்டினால் ஆபத்து. அதனால் நோவை ஒளிப்பது அதன் பிறவிக் குணம். நாய் போல முனகாது, நொண்டிக்கொண்டு வந்து முன்னால் நிற்காது. வழமையான இடத்தில் படுத்திருக்கும். நீங்கள் கூப்பிட்டால் கண்ணை மட்டும் திறக்கும். அதனால்தான் பூனையின் வருத்தத்தைக் கண்டுபிடிக்கக் கண் மட்டும் போதாது, ஒரு தராசும் வேண்டும்.

எங்கள் வீட்டில் பெட்டி நிறுக்கிற தொங்கு தராசு ஒன்று இருக்கிறது. கொழும்புக்குப் போகும்போது பெட்டி 23 கிலோவைத் தாண்டக்கூடாது என்று அப்பா வாங்கியது. ஸ்காபரோவில் அநேகமாக எல்லாத் தமிழ் வீட்டிலும் இப்படி ஒன்று இருக்கும். தம்பிக்கு அது ஒரு விளையாட்டு. ஒவ்வொரு மாதமும் மிளகைக் கூட்டோடு தொங்கவிட்டு நிறுப்பான், பிறகு வெறும் கூட்டின் நிறையைக் கழிப்பான், இலக்கத்தை பிரிட்ஜில் ஒட்டியிருக்கிற தாளில் எழுதுவான். செப்ரெம்பரில் 5.2 கிலோ. ஒக்ரோபரில் 5.1. நவம்பரில் 4.8. டிசம்பரில் 4.4.

4.4 என்று எழுதிவிட்டு அவன் என்னைக் கூப்பிட்டான். "அக்கா, தராசு பிழையோ?" அரிசிப் பையைத் தொங்கவிட்டுப் பார்த்தோம். தராசு சரி.

மனிசருக்கு 800 கிராம் ஒன்றுமே இல்லை. ஐந்து கிலோப் பூனைக்கு அது உடம்பில் ஏழில் ஒரு பங்குக்கும் மேல். எழுபது கிலோ ஆள் ஒருவர் மூன்று மாதத்தில் பத்துக் கிலோவுக்கு மேல் குறைந்தால் வீட்டில் என்ன நடக்கும் என்று யோசித்துப் பாருங்கள். மிளகின் முடி அடர்த்தியானது. கண்ணால் பார்த்தால் ஒரு வித்தியாசமும் தெரியவில்லை. முதுகைத் தடவும்போதுதான் எலும்பு கையில் பட்டது.

நிறையைத் தவிர வேறு அடையாளங்களும் இருந்தன. சாப்பாட்டுக் கிண்ணத்துக்கு ஓடி வரும், மணந்து பார்க்கும், உதட்டை நக்கும், திரும்பிப் போய்விடும். பசி இருக்கிறது, ஆனால் குமட்டுகிறது என்பதற்கு அது அடையாளம். யன்னல் கட்டில் பாய்ந்து ஏறுவதை விட்டுவிட்டது. முதுகு முடி நக்கப்படாமல் திரி திரியாக ஒட்டிக்கிடந்தது. நான்கு காலையும் உள்ளே மடக்கி, தலையைத் தாழ்த்தி, கோழி அடைகாக்கிற மாதிரி இருக்கும். ஆனால் தூங்காது.

பூனையின் முகத்தில் நோவைப் படிக்க ஒரு முறை இருக்கிறது. மொன்றியல் பல்கலைக்கழகத்து மிருக வைத்தியர்கள் 2019இல் அதை வெளியிட்டார்கள். காது எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது, கண் எவ்வளவு சுருங்கியிருக்கிறது, மூக்கும் வாயும் இறுகியிருக்கின்றனவா, மீசை எப்படி நிற்கிறது, தலை தோளுக்கு மேலா கீழா என்று ஐந்தையும் பார்க்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் பூச்சியத்திலிருந்து இரண்டு வரை புள்ளி. பத்தில் நான்கு அல்லது அதற்கு மேல் வந்தால் நோ மருந்து தேவைப்படலாம். தேடிப் பாருங்கள், படங்களோடு இருக்கிறது. ஒரு தடவை பார்த்தால் பிறகு எந்தப் பூனையையும் பழைய மாதிரிப் பார்க்க மாட்டீர்கள்.

முதலில் போன கிளினிக்கில் முடி உருண்டை என்று சொல்லி ஒரு பசை தந்தார்கள். நிறை எழுதிய தாளைத் தம்பி படம் பிடித்து வைத்திருந்தான். இரண்டாவது இடத்தில் அதைக் காட்டினோம். அந்த டொக்டர் மிளகைத் தொட முதலே அந்தப் படத்தைத்தான் நெடுநேரம் பார்த்தார். பிறகு ஒழுங்காகத் தொடங்கினார்.

முதலில் இரத்தம். வயதான பூனை மெலிந்தால் கழுத்தில் இருக்கிற தைரொயிட் சுரப்பி, சிறுநீரகம், சீனி வருத்தம் என்று பல காரணங்கள் இருக்கலாம். மிளகுக்கு அவை எல்லாம் சரி. அடுத்தது ஸ்கான். வயிற்று முடியை வழித்துவிட்டுப் பார்த்தார்கள். இரைப்பையின் சுவர் ஒரு பக்கத்தில் தடித்திருந்தது, பக்கத்து நிணநீர் முடிச்சும் வீங்கியிருந்தது. மெல்லிய ஊசியால் அந்த முடிச்சிலிருந்து கொஞ்சம் எடுத்து அனுப்பினார்கள். சில நாட்களில் மறுமொழி வந்தது. லிம்போமா.

லிம்போமா என்றால் என்ன? எங்கள் உடம்பில் கிருமிகளோடு சண்டை பிடிக்கிற வெள்ளை இரத்தக் கலங்களில் ஒரு வகை, கட்டுப்பாடு இல்லாமல் பெருகத் தொடங்குவது. பூனையின் குடலிலும் இரைப்பையிலும் வருகிற புற்றுநோய்களில் இதுதான் மிகவும் கூட. இதில் முக்கியமாக இரண்டு வகை. சின்னக் கல வகை பெரும்பாலும் சிறுகுடலில் வரும், மெதுவாக வளரும். வீட்டிலேயே குளிசை கொடுத்துச் சமாளிக்கலாம். பிரெட்னிசொலோன், குளோரம்பியூசில் என்று இரண்டு மருந்து. அதில் பல பூனைகள் இரண்டு வருடமோ அதற்கு மேலோ நன்றாக இருக்கின்றன. பெரிய கல வகை வேகமானது. இரைப்பையில் வருவது அநேகமாக இந்த வகை. மிளகுக்கு வந்ததும் இதுதான்.

இங்கே ஒரு விசயத்தைக் கவனியுங்கள். சின்னக் கல வகைக்கும் நாட்பட்ட குடல் அழற்சிக்கும் ஸ்கானில் வித்தியாசம் தெரியாமல் போகலாம். அப்போது குழாய்க் கமரா விட்டோ சத்திர சிகிச்சை செய்தோ ஒரு துண்டு எடுத்துப் பார்க்க வேண்டிவரும். அந்தப் பரிசோதனை முடியும் முன்பே ஸ்ரெரொயிட் மருந்து தொடங்கினால் முடிவு மறைந்துபோகலாம். எந்த ஒழுங்கில் செய்வது என்று டொக்டரிடம் கேளுங்கள்.

ஏன் வந்தது என்று அம்மா கேட்டார். ஒரு பூனைக்கு இதுதான் காரணம் என்று சொல்ல முடியாது என்றார் டொக்டர். முந்தி பூனைகளுக்கு வருகிற லிம்போமாவுக்கு லுக்கீமியா வைரஸ் பெரிய காரணமாக இருந்தது. தடுப்பூசியும் பரிசோதனையும் வந்தபிறகு அது குறைந்துவிட்டது. இப்போது அதிகம் காண்பது வயதான பூனைகளின் வயிற்றில் வருகிற வகை. சிகரெட் புகையும் ஒரு காரணமாக இருக்கலாம். அமெரிக்காவின் மசாசூசெட்ஸ் மாநிலத்தில் நடந்த ஓர் ஆய்வு 2002இல் வெளிவந்தது. வீட்டுக்குள் புகை பிடிக்கிறவர்களோடு வாழ்கிற பூனைகளுக்கு லிம்போமா வரும் வாய்ப்பு மற்றப் பூனைகளைவிட இரண்டு மடங்குக்கும் அதிகம் என்று அது கண்டது. மூச்சில் போவது ஒரு பக்கம். முடியில் படிகிற புகைத்தூளை நக்கி விழுங்குவதும் காரணமாக இருக்கலாம் என்கிறார்கள். எங்கள் வீட்டில் யாரும் புகைப்பதில்லை. உங்கள் வீட்டில் சித்தப்பாவோ மாமாவோ புகைப்பவர் என்றால் இந்த இரண்டு மடங்குக் கதையை அவருக்குச் சொல்லுங்கள். தன் நெஞ்சுக்காக விடாதவர் பூனைக்காக வெளியே போய்ப் பிடிக்கக்கூடும்.

வைத்தியம் பற்றி முடிவெடுக்க ஒரு பின்னேரம் எல்லாரும் சாப்பாட்டு மேசையில் இருந்தோம். இரண்டு வழி இருந்தது. ஒன்று, பல மருந்துகளை மாற்றி மாற்றி ஊசியில் ஏற்றுகிற கீமோ. முதல் மாதங்களில் அநேகமாக ஒவ்வொரு கிழமையும் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். மனிசருக்குக் கொடுக்கிற மாதிரிக் கடுமையாகப் பூனைக்குக் கொடுக்க மாட்டார்கள். நோக்கம் நோயை அடியோடு அழிப்பது இல்லை, நல்ல நாட்களைக் கூட்டுவது. முடி கொட்டுவது குறைவு, மீசை மட்டும் உதிரலாம். மருந்து பிடித்தால் சில மாதங்கள் கிடைக்கும், நன்றாகப் பிடித்த சில பூனைகள் ஒரு வருடத்தையும் தாண்டும். பிடிக்காமலும் போகும். செலவு பல ஆயிரம் டொலர். இரண்டாவது வழி, பிரெட்னிசொலோன் குளிசையும் குமட்டலுக்கும் நோவுக்கும் மருந்தும் மட்டும். அதில் கிடைப்பது கிழமைக் கணக்கு.

தம்பி தன் சேமிப்பு முழுவதையும் தருகிறேன் என்றான். அவனுக்குப் பதினான்கு வயது, அவனிடம் இருந்தது 340 டொலர். அப்பா ஒன்றும் பேசவில்லை. அம்மா தயங்கித் தயங்கிச் சொன்னார். "ஊரிலை மாமியின்ர கண் ஒப்பரேசனுக்கு இன்னும் காசு அனுப்பேல்லை." அதைச் சொன்னதற்காக அம்மாவை யாரும் கல்நெஞ்சக்காரி என்று நினைக்க வேண்டாம். மிளகுக்கு இரவில் போர்வை போர்த்திவிடுகிறவர் அவர்தான். இரண்டு நாட்டில் குடும்பம் வைத்திருக்கிறவர்களுக்கு ஒவ்வொரு டொலரும் இரண்டு இடத்தில் கணக்கு.

அம்மம்மா மட்டும் ஒரு கேள்வி கேட்டார். "அதுக்கு என்ன வருத்தம் எண்டு சரியாச் சொல்லு, பிள்ளை."

நான் "வயித்துக்குள்ளை ஒரு கட்டி" என்றேன். எங்கள் வீடுகளில் இப்படித்தான் சொல்வோம். கட்டி, "அந்த வருத்தம்", "பெரிய வருத்தம்". பெயர் சொன்னால் வந்து ஒட்டிக்கொள்ளும் என்பது போல. அம்மம்மா விடவில்லை. "கான்சரோ?" என்றார். ஓம் என்றேன்.

அம்மப்பா யாழ்ப்பாணத்தில் இரைப்பைப் புற்றுநோயால் இறந்தவர். நான் பிறக்க முதல் நடந்தது. அன்றைக்குத்தான் அம்மம்மா முழுதாகச் சொன்னார். "அவருக்கு ஒருத்தரும் சொல்லேல்லை. எனக்கு மட்டும் சொன்னவை. அல்சர் எண்டு சொல்லிக்கொண்டு நான் சிரிச்சபடி சோறு குழைச்சுக் குடுத்தனான். அவர் சத்தி எடுப்பார். நான் துடைப்பன். ரெண்டு பேரும் ஒண்டும் கதைக்கிறேல்லை." மேசையில் யாரும் அசையவில்லை. "மிளகுக்கு நாங்கள் சொல்ல ஏலாது. ஆனால் எங்களுக்குள்ளை ஒளிக்க வேண்டாம்."

அதன்பிறகு பேச்சு இலகுவாகிவிட்டது. மிளகுக்குக் கூட்டைக் கண்டாலே வாயில் எச்சில் வழியும், காரில் முழு வழியும் அழும். கிழமைக்கு ஒரு தடவை அந்தப் பயணம் என்பதை யோசித்தோம். காசையும் யோசித்தோம், அதை மறைக்காமல் வாய்விட்டுக் கதைத்தோம். இரண்டாவது வழியைத் தெரிந்தோம். கூடிப் பழகிய, பயப்படாத பூனை என்றால், காசும் இருந்தால், கீமோவைத் தெரிவதும் சரியான முடிவுதான். இரண்டிலும் அன்பு ஒன்றுதான்.

சமாளிப்பது எப்படி என்று இனிச் சொல்கிறேன்.

குமட்டலை நிறுத்தாமல் சாப்பாடு கொடுத்துப் பயன் இல்லை. மரோபிற்றன்ற் என்ற மருந்து சத்தியை நிறுத்தும். மிர்ரசப்பின் பசியைத் தூண்டும். அது காதின் உட்பக்கத் தோலில் பூசுகிற களிம்பாகவும் வருகிறது, வாயைத் திறக்கப் போராடத் தேவையில்லை. பூசும்போது கையுறை போட வேண்டும். குடல் பாதிக்கப்பட்ட பூனைகளுக்கு பி12 விற்றமின் குறைந்துபோகும், அதற்கு ஊசி இருக்கிறது. குளோரம்பியூசில் கொடுக்கிறவர்கள் குளிசையை உடைக்கவோ பொடியாக்கவோ கூடாது, கையுறை போட்டுத்தான் தொட வேண்டும், மலப்பெட்டி துப்புரவாக்கும்போதும் கையுறை வேண்டும். பிள்ளைத்தாச்சிகள் அந்த வேலையைச் செய்யக் கூடாது.

சாப்பாட்டை இளஞ்சூடாக்கிக் கொடுங்கள். பூனை மணத்தை வைத்துத்தான் சாப்பிடும். கொஞ்சம் கொஞ்சமாக ஒரு நாளில் ஐந்தாறு தடவை. இரண்டு மூன்று நாள் ஒன்றுமே சாப்பிடாவிட்டால் ஈரலில் கொழுப்புப் படிந்து அதுவே உயிருக்கு ஆபத்தாகும், அதனால் முதல் நாளே டொக்டரைக் கூப்பிடுங்கள்.

எங்கள் வீடுகளுக்கென்றே இரண்டு எச்சரிக்கை. பூனைக்கு மீன் பிடிக்கும் என்று கறிச் சட்டியிலிருந்து எடுத்துக் கழுவிக் கொடுப்போம். வெங்காயமும் உள்ளியும் பூனையின் சிவப்பு இரத்தக் கலங்களை உடைக்கும். மீனைத் தனியாக, உப்பும் தூளும் இல்லாமல் அவியுங்கள். அம்மம்மா மிளகுக்கென்று ஒரு குட்டிச் சட்டி ஒதுக்கி வைத்தார். அடுத்தது பனடோல். எங்களுக்குத் தலையிடி, காய்ச்சல் எல்லாவற்றுக்கும் பனடோல்தான். பூனையின் ஈரலால் அதை உடைக்க முடியாது. ஒரு குளிசை ஒரு பூனையைக் கொல்லப் போதும். பூனைக்கு நோகிறது என்று இரக்கப்பட்டு யாரும் அரைக் குளிசைகூடக் கொடுத்துவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

மிளகுக்கு மருந்து தொடங்கி நான்காம் நாள் யன்னல் கட்டில் ஏறியது. நிறை 4.4இலிருந்து 4.6 ஆனது. தம்பி அந்த இலக்கத்தைச் சிவப்புப் பேனையால் எழுதினான். தைப்பொங்கல் அன்று பொங்கல் பானைக்குப் பக்கத்தில் வந்து இருந்தது, பாலைக் கேட்டுக் கத்தியது. டொக்டர் முன்கூட்டியே சொல்லியிருந்தார், ஸ்ரெரொயிட்டில் இப்படி ஒரு நல்ல காலம் வரும், அது நிரந்தரம் இல்லை என்று. தெரிந்திருந்தபடியால் அந்த நாட்களை வீணாக்காமல் அனுபவித்தோம்.

எப்போது போதும் என்று எப்படி அறிவது? அலிஸ் வில்லலோபோஸ் என்ற அமெரிக்க மிருக வைத்தியர் 2004இல் ஒரு அளவுகோல் செய்தார். நோ, பசி, நீர்ச்சத்து, துப்புரவு, சந்தோசம், நடமாட்டம், கெட்ட நாட்களைவிட நல்ல நாட்கள் கூடவா என்று ஏழு கேள்வி. ஒவ்வொன்றுக்கும் பத்துப் புள்ளி, கூட்டினால் 35க்கு மேல் என்றால் தொடரலாம். நான் அதைச் சொன்னேன். அம்மம்மாவுக்கு ஏழும் பத்தும் பிடிக்கவில்லை. தமிழ்க் கடையில் சும்மா தந்த முருகன் கலண்டரை எடுத்தார். நல்ல நாளுக்குச் சரி அடையாளம், கெட்ட நாளுக்குப் புள்ளடி. ஒவ்வொரு இரவும் எல்லாரும் ஒத்துக்கொண்ட பிறகுதான் போடுவார். தம்பி எப்போதும் சரி என்பான். ஒருநாள் அவனே, "இண்டைக்குப் புள்ளடி, அம்மம்மா" என்றான்.

ஒன்பதாம் கிழமையில் ஐந்து புள்ளடி வந்தது. நிறை 3.7. மருந்து கொடுத்தும் குமட்டல் நிற்கவில்லை. மிளகு குளியலறை மூலையில் குளிர் நிலத்தில் படுக்கத் தொடங்கியது.

ஊசி போட்டு நித்திரையாக்குவது பற்றி அம்மம்மா என்ன சொல்வார் என்று அம்மா பயந்துகொண்டிருந்தார். பல வருடமாக அவர் சொல்லி வந்தது, "உயிரை எடுக்க நாங்கள் ஆர்?" வெள்ளிக்கிழமை விரதம் இருக்கிறவர், எறும்பையும் ஊதி விடுகிறவர். அன்று இரவு கலண்டரைப் பார்த்துக்கொண்டு அவரே தொடங்கினார். "அவர் கடைசி மாதம் பட்ட பாட்டை நான் பாத்தனான். அப்ப எனக்கு ஒரு வழியும் இருக்கேல்லை. இதுக்கு இருக்கு. டொக்டருக்கு அடி, பிள்ளை."

டொக்டர் வீட்டுக்கே வந்தார். முதலில் ஒரு மயக்க ஊசி. மிளகு அம்மம்மாவின் மடியில், அவருடைய பழைய நூல் சேலைத் துண்டில் தூங்கிவிட்டது. பிறகு காலில் இரண்டாவது ஊசி. ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. பூனையின் கண் மூடாது, பயப்பட வேண்டாம் என்று முன்னரே சொல்லியிருந்தார். தம்பி அறையில் இருக்க விரும்பினான், இருந்தான். விரும்பாதவர்கள் வெளியே நிற்கலாம். அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை.

போன கிழமை அம்மம்மா ஊரில் இருக்கிற தன் தங்கச்சியோடு போனில் கதைத்துக்கொண்டிருந்தார். "எங்கட பூனைக்கு இரைப்பையிலை கான்சர்" என்று தொடங்கி, கொஞ்ச நேரம் பேசாமல் இருந்து, "இவருக்கு வந்த மாதிரித்தான்" என்றார். அந்தச் சொல்லை அம்மப்பாவோடு சேர்த்து அவர் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

உங்களிடம் கேட்பது சின்ன விசயம்தான். இந்த ஞாயிற்றுக்கிழமை பெட்டி நிறுக்கிற தராசை எடுத்து உங்கள் பூனையை நிறுங்கள். இலக்கத்தைத் திகதியோடு எழுதி பிரிட்ஜில் ஒட்டுங்கள். அடுத்த மாதமும் செய்யுங்கள். இலக்கம் இறங்கிக்கொண்டே போனால், அல்லது சத்தி கிழமைக் கணக்கில் தொடர்ந்தால், அந்தத் தாளோடு டொக்டரிடம் போங்கள். அவர் சொல்கிற வருத்தத்தின் பெயரை வீட்டில் எல்லாருக்கும் அப்படியே சொல்லுங்கள். தம்பி தங்கச்சிக்கும் சொல்லுங்கள், அம்மம்மாவுக்கும் சொல்லுங்கள்.